உப்பு ஏறும் மாதத்தில் மீகாங் டெல்டா

மார்ச் 23, 2024, சனிக்கிழமை – சைகோன்

வரைபடத்தில் ஹோ சி மின் நகரம். டாக்சிக்காரர் முதல் ஹோட்டல் வரவேற்பறைப் பெண் வரை எல்லோரும் சைகோன் என்றுதான் சொன்னார்கள். வெயில் 36 டிகிரி. காற்றில் ஈரம் வேறு; சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது.

மத்தியானம் வெளியில் தலை காட்ட முடியவில்லை. வெயில் தாழ்ந்ததும் அம்மாவைக் கூட்டிக்கொண்டு ட்ருவோங் டின் தெருவில் இருக்கும் மாரியம்மன் கோயிலுக்குப் போனேன். பென் தான் சந்தையிலிருந்து நடக்கிற தூரம்தான். 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் இங்கே வந்து சேர்ந்த தமிழ் வணிகர்கள் கட்டிய கோயில். உள்ளே தமிழ்முகம் எங்களுடையது மட்டும்தான். மற்ற எல்லோரும் வியட்நாமியர்கள். கட்டு ஊதுபத்தியை இரண்டு கையாலும் நெற்றிக்கு மேல் தூக்கி மூன்று முறை குனிகிறார்கள். அப்புறம் சன்னிதிக்குப் பின்பக்கம் போய், கற்சுவரில் நெற்றியை ஒட்டிவைத்து, வேண்டுதலைச் சுவரிடம் முணுமுணுக்கிறார்கள். அலுவலக உடுப்பில் இருந்த ஒரு பெண் அம்மாவைப் பார்த்ததும் சட்டென்று விலகி, சுவரில் தான் நின்ற இடத்தைக் காட்டினாள். அம்மாவும் நெற்றியை ஒட்டிவைத்து ஏதோ சொன்னார். என்ன என்று நான் கேட்கவில்லை.

இந்த ஊருக்கும் நமக்கும் இருந்த தொடர்பு கோயிலோடு முடிவதில்லை. பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட காலத்தில் மீகாங் டெல்டாவில் கால்வாய்களை வெட்டிப் பெரும்பரப்பை நெல்வயலாக்கினார்கள். அந்த நிலத்தில் பயிர் வைத்தவர்களுக்குக் கடன் கொடுத்தவர்களில் நம் நாட்டுக்கோட்டைச் செட்டியார்களும் உண்டு. நாளைக்குப் போகப்போவது அந்த நிலத்துக்குத்தான் என்றேன். அம்மா கேட்டது ஒன்றுதான்: "வட்டி எவ்வளவாம்?"

இரவு நடைபாதையில், முழங்கால் உயரம்கூட இல்லாத பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து பனிக்கட்டி போட்ட பால்காப்பி. ஒரு கோப்பை 25,000 டாங். ஒரு லட்சம் டாங் என்பது நம் காசில் ஏறக்குறைய 340 ரூபாய். இந்தக் கணக்கு மனதில் ஏறிவிட்டால் பயமில்லை.

மார்ச் 24, ஞாயிறு – மீ தோ, பென் ட்ரே

காலையில் முகவர் மூலம் பதிவு செய்திருந்த சுற்றுலாவின் பேருந்து. மீ தோ 70 கிலோமீட்டர். இரண்டு மணி நேரம். எங்கள் வழிகாட்டி பென் ட்ரேயைச் சேர்ந்த இளைஞர், தென்னந்தோப்புக்காரர் வீட்டுப் பிள்ளை. ஏறும்போதே அம்மாவின் பையை வாங்கிக்கொண்டு, "மா, முன்னால உட்காருங்க" என்று சைகையில் இடம் காட்டினார். தெற்கு வியட்நாமில் வயதான பெண்களை அப்படித்தான் கூப்பிடுவார்களாம். அதற்கப்புறம் பயணம் முழுவதும் அம்மா அவரிடம் தமிழிலேயே பேசினார், அவரும் தலையாட்டினார்.

நெடுஞ்சாலைக்கு இரண்டு பக்கமும் அறுவடை. குளிர்காலத்தில் விதைத்து வசந்தத்தில் அறுக்கிற போகம், அவர்களுக்கு அதுதான் பெரிய போகம். வெள்ளத்தைத் தடுக்கக் கரை கட்டிய பகுதிகளில் வருடத்துக்கு மூன்று போகம் எடுக்கிறார்கள். வியட்நாமின் நெல்லில் பாதிக்கு மேல் இந்த டெல்டாவில் விளைகிறது. அறுவடை இயந்திரம் ஓடிய வயலையெல்லாம் அம்மா ஜன்னலில் முகம் வைத்துப் பார்த்தபடி வந்தார். "கதிர் கட்டையா இருக்கு. ஆனா மணி பிடிச்சிருக்கு" என்றார்.

மீ தோவில் முதலில் வின் ட்ராங் பௌத்த ஆலயம். பிரம்மாண்டமான சிரிக்கும் புத்தர், படுத்த புத்தர், நின்ற புத்தர். அன்றைக்கு அவர்கள் கணக்கில் இரண்டாம் மாதத்துப் பதினைந்தாம் நாள். உள்ளூர்க்கூட்டம் நெரிந்தது. எங்களுக்குக் கொடுத்ததோ இருபது நிமிடம். இன்னும் கொஞ்சம் கொடுத்திருக்கலாம்.

அப்புறம் படகு. மீகாங் இரண்டாகப் பிரிந்து வியட்நாமுக்குள் வருகிறது. வடக்குக் கிளை தியென் ஆறு, தெற்குக் கிளை ஹாவ் ஆறு. நாங்கள் ஏறியது தியென். காவிரியின் கிளைகளையே பார்த்துப் பழகிய கண்ணுக்கு அக்கரை எங்கே என்று தேட வேண்டியிருக்கிறது. தண்ணீர் செம்பழுப்பு. மேலே 2009இல் திறந்த ராச் மியு பாலம். அது வருவதற்கு முன்னால் பென் ட்ரேக்காரர்களுக்கு ஃபெர்ரிதான். பிரசவ வலி எடுத்தாலும் அதற்குத்தான் காத்திருக்க வேண்டும் என்றார் வழிகாட்டி.

ஆற்றுக்கு நடுவில் நான்கு தீவுகள். ஒரு தீவில் தேன், இன்னொன்றில் பழம், அடுத்ததில் தேங்காய் மிட்டாய். ஒவ்வொரு இடத்திலும் ஒரு கோப்பை ஏதாவது கொடுத்துப் பக்கத்திலேயே கடை. தேன் கலந்த தேநீரில் சிறிய நாரத்தை போன்ற ஒரு பழத்தைப் பிழிந்து கொடுத்தார்கள், அருமை. மலைப்பாம்பைத் தோளில் போட்டுப் படம் எடுக்கலாம் என்றார்கள். அம்மா அந்தப் பக்கமே திரும்பவில்லை. எனக்கும் அந்தப் பாம்பைப் பார்க்கப் பாவமாக இருந்தது. நாள் முழுக்கக் கை மாறி மாறிக் கிடக்கிறது.

பழத்தட்டோடு வந்த இசையை மட்டும் நான் எதிர்பார்க்கவில்லை. தெற்கு வியட்நாமின் இந்தக் கூடத்து இசையை யுனெஸ்கோ 2013இல் தன் மரபுப் பட்டியலில் சேர்த்தது. பதினாறு நரம்பு கொண்ட ஒரு யாழ் வகை, காலால் தட்டுகிற சின்ன மரத்தாளம், கூடவே ஒரு கிதார். கிதாரின் கழுத்தைக் கவனித்தேன்: கட்டைகளுக்கு இடையே மரத்தைக் கிண்ணமாகக் குடைந்திருந்தார்கள். நரம்பை அந்தக் குழிக்குள் அழுத்தினால் சுரம் வளைந்து மேலே போகிறது. கமகம்! பாடிய பெண்ணுக்கு ஐம்பது வயதிருக்கும். சுற்றிலும் பலாச்சுளை கடித்துக்கொண்டு செல்போனில் மூழ்கிய கூட்டம். அவர் ஒரு அசைவையும் குறைக்காமல் பாடினார். முடிந்ததும் மேசையிலிருந்த கூடையில் 50,000 டாங் போட்டேன். இரண்டு கையாலும் வாங்கி, குனிந்து நன்றி சொன்னார். இவர்களுக்கு ஒரு அரைமணி நேரம் முழுதாகக் கொடுத்து, பாம்பை விட்டுவிடலாம்.

பென் ட்ரே பக்கம் தேங்காய் மிட்டாய்ப் பட்டறை. தேங்காய்ப்பால், சர்க்கரை, முளைகட்டிய நெல்லிலிருந்து எடுக்கிற பாகு, மூன்றையும் பெரிய வாணலியில் கிண்டுகிறார்கள். சூட்டோடு நீள அச்சில் போட்டு, ஆறியதும் துண்டு போட்டு, அரிசித்தாளில் சுற்றுகிறார்கள். அந்தத் தாளையும் சேர்த்தே தின்னலாம். சுற்றுகிற பெண்களின் விரல் வேகம் கண்ணுக்குப் பிடிபடவில்லை. வியட்நாமில் தென்னை அதிகமுள்ள இடம் இது. மட்டை, சிரட்டை, நார், எதுவும் வீணாவதில்லை. மிட்டாய் ஒரு பொட்டலம் 40,000 டாங்.

சாப்பாட்டில்தான் சிக்கல். பதிவு செய்யும்போது அம்மாவுக்குச் சைவம் என்று எழுதிக் கொடுத்திருந்தோம். மேசைக்கு வந்தது, செதிலோடு பொரித்துத் தட்டில் நிமிர்த்தி வைத்த முழு மீன். முகவர் உணவகத்துக்குச் சொல்லவே இல்லை. எனக்குக் கோபம் வந்தது. வழிகாட்டி முகம் சிவந்துபோய் அடுக்களைக்குள் ஓடினார். கால் மணி நேரத்தில் சமையல்காரம்மாவே தட்டோடு வந்தார். பதினைந்தாம் நாள் என்பதால் அவர்கள் வீட்டிலேயே அன்றைக்குச் சைவம். தனக்கென்று செய்ததைக் கொண்டுவந்துவிட்டார். எலுமிச்சம்புல் போட்டு வறுத்த டோஃபு, மண்சட்டியில் மிளகு தூக்கலாகக் காளான், அப்புறம் புளி கரைத்து அன்னாசி, தக்காளி, வெண்டைக்காய், சேம்பு போன்ற ஒரு தண்டு எல்லாம் போட்ட சூப். மீன் சாஸுக்குப் பதில் சோயா. அம்மா சூப்பைச் சோற்றில் ஊற்றிப் பிசைந்தார். கையால் சாப்பிடுவதைப் பார்த்துச் சமையல்காரம்மா சிரித்துக்கொண்டே இன்னொரு கரண்டி ஊற்றினார். தான் என்ன சாப்பிட்டார் என்று கேட்டதற்குப் பதில் சொல்லவில்லை. பணமும் வாங்கவில்லை.

பிறகுதான் எல்லோரும் படம் எடுக்கிற அந்தத் துடுப்புப் படகு. நால்வர் உட்காரலாம். இரண்டு பக்கமும் நீர்த்தென்னை: அடிமரம் கிடையாது, சேற்றிலிருந்து நேரே ஓலை கிளம்பி ஆளுயரத்துக்கு மூன்று மடங்கு நிற்கிறது. கூரைக்கு அதுதான். ஓலை நிழலில் வெயில் தெரியவில்லை. ஆனால் படகுக்குப் பின் படகு, எதிரிலும் படகு. பதினைந்து நிமிடத்தில் முடிந்துவிட்டது.

பகல்பயணிகள் நாலு மணிக்குச் சைகோனுக்குத் திரும்பினார்கள். இரவு தங்குகிற எங்களைச் சிறு மோட்டார் படகில் வாய்க்கால் வழியாக ஒரு தோப்பு வீட்டுக்கு அழைத்துப் போனார்கள். அங்கே வற்றம், கடல் ஓதம் இறங்கிய நேரம். வீட்டுக்கு நூறடி முன்னால் படகு சேற்றில் உட்கார்ந்துவிட்டது. படகுக்காரர் நீளத்தண்டு மோட்டாரைத் தூக்கிப் பார்த்தார், கழியால் தள்ளிப் பார்த்தார், அசையவில்லை. கொசு மொய்த்தது. கரையில் ஒரு வீட்டுக்காரர் இதைப் பார்த்துவிட்டு, முழங்கால் சேற்றில் இறங்கி ஒரு பலகையைக் கொண்டுவந்து போட்டார். அம்மாவின் கையைப் பிடித்து, ஒவ்வொரு அடிக்கும் நின்று நின்று கரை சேர்த்தார். அவர் யார், எங்களை ஏற்றிக்கொள்ளும் வீட்டுக்கு என்ன உறவு, ஒன்றும் தெரியாது. கால் கழுவிக்கொள்ளத் தண்ணீர் காட்டிவிட்டுப் போய்விட்டார்.

குளிக்கப் போன அம்மா பாதியில் கதவைத் திறந்து கூப்பிட்டார். "ஏண்டி, சோப்பு நுரைக்கவே மாட்டேங்குது. தண்ணி கரிக்குது பாரு."

நாக்கில் வைத்துப் பார்த்தேன். கரித்தது. கடல் அங்கிருந்து பல மைல் தள்ளி.

தோப்பு வீட்டு வாசலில் ஆளுயரத் தாழிகள் வரிசையாக நின்றன. வரும்போது அழகுக்கு என்று நினைத்துக் கடந்து வந்திருந்தோம். அத்தனையிலும் மழைத்தண்ணீர். மூடி போட்டு, துணி கட்டி வைத்திருக்கிறார்கள். மே மாதம் மழை வரும்வரை குடிக்க, சமைக்க அதுதான். வீட்டுக்கார அம்மாள் ஒரு தாழியைத் திறந்து இரண்டு செம்பு மொண்டு, அம்மாவுக்கு மேல்ஊற்றிக்கொள்ளக் கொடுத்தார். அதன் மதிப்பு தெரிந்ததும் அம்மா ஒரு செம்பைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்.

இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு வழிகாட்டி உட்கார்ந்து விளக்கினார். பகல் முழுக்க ஒலிபெருக்கியில் பேசியதில் இது ஒரு வரி இல்லை. கோடையில் மேலிருந்து வரும் நீர் குறையும்போது கடல் ஆற்றுக்குள் ஏறுகிறது. அது எப்போதும் உள்ளதுதான். இப்போது சீக்கிரம் ஏறுகிறது, ஆழமாக ஏறுகிறது. 2016இல் பென் ட்ரே மாகாணம் கிட்டத்தட்ட முழுவதும் உப்பு. 2020இல் அதைவிட மோசம். லிட்டருக்கு 4 கிராம் உப்பைத் தாண்டினால் நெல் தாங்காது. டுரியன் மரம் அதற்கு முன்பே இலை உதிர்க்கும். மேலே சீனாவில் பத்துக்கும் மேற்பட்ட அணைகள். லாவோசில் சயபுரி அணை 2019இல் ஓடத் தொடங்கியது. வண்டல் அணைக்குள் தங்கிவிடுகிறது. கீழே படுகையில் மணல் அள்ளுகிறார்கள். படுகை ஆழமாக ஆக, கடல் இன்னும் சுலபமாக உள்ளே வருகிறது. தண்ணீர் தீர்ந்த வீடுகள் படகில் கொண்டுவரும் நன்னீரை வாங்குகின்றன. ஆயிரம் லிட்டர் ஒன்றரை லட்சம் டாங்கும் போகும், இன்னும் உள்ளே போனால் மேலும் கூடும்.

நான் வரி வரியாகத் தமிழில் சொல்லச் சொல்ல அம்மா கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு அவர் பேசினார், நான் ஆங்கிலத்தில் சொன்னேன். போன வருடம் ஜூன் 12இல் மேட்டூரைத் திறந்தும் தண்ணீர் கடைமடைக்கு வராமல் குறுவை கருகியதை. எங்கள் திருத்துறைப்பூண்டிப் பக்கம் போர் போட்டால் உப்பு வருவதை. கொள்ளிடத்து மணல் லாரிகளை. இறால் பண்ணைக்குப் பக்கத்து வயலை. வழிகாட்டி எழுந்து உள்ளே போய் வீட்டுக்காரர்களையும் கூட்டிவந்து உட்காரவைத்தார். "இறால் பண்ணையா, இங்கேயுமா" என்று அந்த அம்மாள் கேட்டதை அவர் மொழிபெயர்க்கும் முன்பே அம்மா "ஆமா" என்றார். பதினோரு மணி வரை ஓடிய பேச்சு அது.

(இதைப் பதிவிடும்போது சேர்க்கிறேன்: நாங்கள் ஊர் திரும்பிய பிறகு, ஏப்ரல் முதல் வாரத்தில், அக்கரையிலிருந்த தியென் ஜாங் மாகாணம் நன்னீர்த் தட்டுப்பாட்டுக்காக அவசரநிலை அறிவித்தது. அந்தத் தாழிகள் மழை வரை தாங்கினவா என்று கேட்டு எழுதியிருக்கிறேன்.)

மார்ச் 25, திங்கள் – சோ லாச், கான் தோ

பங்குனி உத்திரம். அம்மா தாழித்தண்ணீரில் முகம் மட்டும் கழுவி, தோப்பில் பறித்த ஒரு செம்பருத்தியைக் கையில் வைத்துக் கும்பிட்டார்.

சாலை சோ லாச் வழியாகப் போகிறது. இரண்டு பக்கமும் நாற்றுப்பண்ணைகள்தான்: டுரியன், ரம்புட்டான், பம்ப்ளிமாஸ் கன்றுகள், பூச்செடிகள். வியட்நாம் முழுவதற்கும் இங்கிருந்து கன்று போகிறது. வாய்க்கால் வாயில் மண்மூட்டை அடுக்கி உப்பை மறித்திருந்தார்கள். நேற்றிரவு கேட்டிருக்காவிட்டால் அந்த மூட்டைகள் என் கண்ணில் பட்டிருக்காது.

டின் காவ் துறையில் பேருந்தோடு ஃபெர்ரியில் ஏறினோம். ஹனோயிலிருந்து வந்திருந்த குடும்பம் ஒன்று பம்ப்ளிமாஸை உரித்து, சுளை சுளையாகப் பிரித்து, மிளகாய் உப்போடு அம்மாவிடம் நீட்டியது. மறுக்கவிடவில்லை. அக்கரை வின் லாங். மதியத்துக்கு மேல் ஹாவ் ஆற்றின் கான் தோ பாலம். 2007இல் கட்டும்போது ஒரு பகுதி இடிந்து ஐம்பதுக்கு மேற்பட்ட தொழிலாளர்கள் செத்தார்கள், 2010இல் திறந்தார்கள். உச்சியில் ஏறும்போது வழிகாட்டி பேச்சை நிறுத்திவிட்டார்.

கான் தோவில் சொன்ன ஹோட்டல் வேறு, கொண்டு விட்டது வேறு. மின்தூக்கி இல்லை, நாலாவது மாடி. அரைமணி நேரம் வாதாடி முதல் மாடி அறை வாங்கினோம். அலுப்பில் சாயங்காலம் எங்கும் போகவில்லை.

மார்ச் 26, செவ்வாய் – காய் ராங் மிதவைச்சந்தை

விடிவதற்கு முன், ஐந்து மணிக்கு நின் கியு துறையில் படகு. ஆற்றின் மேல் குளிர்ந்த காற்று. வந்த நாளிலிருந்து உடம்பு குளிர்ந்தது அப்போதுதான். அரைமணிக்கு மேல் பயணம். பாதியில் மோட்டார் முக்கி நின்றது. வெங்காயத்தாமரையும் ஒரு பிளாஸ்டிக் பையும் சுற்றிக்கொண்டிருந்தன. படகோட்டும் அக்கா தண்டைத் தூக்கி, பல்லில் கவ்வியிருந்த கத்தியால் அறுத்துவிட்டார், இரண்டு நிமிடம். வெங்காயத்தாமரையை இங்கே காயவைத்துக் கூடையும் பாயும் பின்னுகிறார்கள். எங்கள் வாய்க்காலில் அது வெறும் தொல்லை. அம்மா ஒரு கூடையைத் தலைகீழாகத் திருப்பி, பின்னலைப் பிரித்துப் பார்க்காத குறைதான்.

காய் ராங் மொத்தச்சந்தை. பெரிய மரப்படகுகளின் முகப்பில் கண் வரைந்திருக்கிறது. ஒவ்வொன்றிலும் உயரமான மூங்கில். என்ன விற்கிறார்களோ அதை அதில் கட்டித் தொங்கவிடுகிறார்கள். அன்னாசி, பூசணி, முட்டைக்கோஸ், சர்க்கரைவள்ளி. கூவி விற்றால் மோட்டார் சத்தத்தில் கேட்காது. ஓலை தொங்கினால் அந்தப் படகே விற்பனைக்கு என்று அர்த்தம். குடும்பமே படகில்தான்: பின்புறம் அடுப்பு, கொடியில் துணி, கூரைமேல் சேவல்.

நூடுல்ஸ் படகு எங்கள் படகோடு வந்து ஒட்டிக்கொண்டது. அலையில் இரண்டும் ஆட, அந்தப் பெண் கொதிக்கும் சாறை ஒரு சொட்டுச் சிந்தாமல் கிண்ணத்தில் ஊற்றினார். 35,000 டாங். அம்மாவுக்கு அன்னாசி: சுழல் சுழலாகக் கண் எடுத்து, காம்பைப் பிடியாக விட்டு, 20,000.

ஆனால் படகுகளை எண்ணினால் வியாபாரிகளைவிடச் சுற்றுலாக்காரர்கள் அதிகம். இந்தச் சந்தையின் வாழ்க்கைமுறையை 2016இல் தேசிய மரபாக அறிவித்தார்கள். அதே காலத்தில் சாலையும் பாலமும் வந்து, லாரி தோப்புக்கே போய் ஏற்றிக்கொள்கிறது. கரையில் கான்கிரீட் அணைச்சுவர் எழுந்ததில் சரக்கு ஏற்றி இறக்கும் படித்துறைகளும் போயின. பூசணிப் படகுக்காரரிடம் வழிகாட்டி மூலமாகக் கேட்டேன். மகன் சைகோன் பக்கத்தில் தொழிற்சாலைக்குப் போய்விட்டான். தானும் இன்னும் ஒன்றிரண்டு வருடம்தான் என்றார். பாலம் வந்தது யாருக்கும் கெடுதல் என்று நான் சொல்லமாட்டேன். ஃபெர்ரிக்குக் காத்திருந்தவர்கள் கதையை முதல்நாளே கேட்டோம். ஆனால் பெயரை மரபுப் பட்டியலில் ஏற்றுகிறவர்கள் அவருக்கு ஒரு படித்துறையை விட்டுவைத்திருக்கலாம்.

திரும்பும் வழியில் அரிசி நூடுல்ஸ் பட்டறை. மாவைத் துணிமேல் வார்த்து ஆவியில் வேகவைத்து, மூங்கில் தட்டியில் விரித்துக் காயவைத்து, பிறகு நறுக்குகிறார்கள். அடுப்பெரிய உமி. எங்கள் வீட்டு மாடியில் வற்றல் காய்கிற மாதிரி, வாசல் முழுக்க வட்ட வட்டமாகக் காய்ந்தது. அம்மா ஒன்றைத் தொட்டுப் பார்த்து, "இன்னும் ரெண்டு மணி நேரம் காயணும்" என்றார். பட்டறைக்காரரும் கடிகாரத்தைக் காட்டி இரண்டு விரல் நீட்டினார்.

சைகோன் பேருந்துக்குக் காத்திருந்தபோது வழிகாட்டி அம்மாவிடம் வெள்ளக்காலத்தில் வரச் சொன்னார். செப்டம்பர், அக்டோபரில் ஆறு கரை தாண்டி வயலெல்லாம் தண்ணீராக நிற்கும், உப்பு இருக்காது, கரையெல்லாம் மஞ்சளாகச் சித்தகத்தி இனத்துப் பூ பூக்கும், அதைப் பறித்துச் சூப்பில் போடுவார்கள் என்றார். அம்மாவுக்கு ஆசைதான்.

"புரட்டாசி, ஐப்பசியில சம்பா நடவுல்ல? யாரு நின்னு பார்க்கறது?" என்றார் என்னிடம். "நவம்பர் முதல் வாரம்னா தண்ணி இருக்குமான்னு கேளு."

கேட்டேன். வழிகாட்டி செல்போனில் போன வருடத்துப் படங்களைத் தேடி எடுத்து, தேதியைக் காட்டினார். இருந்தது.